மேவிஸ் ஹாரப்புக்கு வரவேண்டிய மணிக்கூடு

வலது முழங்காலுக்குள் யாரோ உளி வைத்துத் தட்டுவது போல இருந்தது. அதைப் பார்த்து இடது முழங்காலும் தொடங்கியிருந்தது. டைல்ஸ் பதிக்கிறவனுக்கு முழங்கால்தான் கை, வாய், வயிறு எல்லாம். ஜேர்மனியிலும் லண்டனிலுமாகப் பதினாறு வருடம் குளியலறைத் தரைகளில் முழந்தாளிட்டுத் திரிந்தவன் நான். கடவுளுக்கு முன்னால் அவ்வளவு நேரம் முழந்தாளிட்டிருந்தால் இதற்குள் அவரே எழுந்து வந்து என்ன வேண்டும் என்று கேட்டிருப்பார்.

2005ஆம் ஆண்டு மே மாதம். லூயிஷாமில் நாங்கள் வாடகைக்கு இருந்த நகரசபைக் கவுன்சில் கட்டிடத்தின் லிப்ட் அந்தக் கிழமையில் மூன்றாவது தடவையாக நின்றுவிட்டது. எங்கள் வீடு மூன்றாம் மாடியில். முதல் படியில் குந்திக்கொண்டு மேலே பார்த்தேன். ஏறுவதா, இங்கேயே படுப்பதா என்று யோசித்துக்கொண்டிருந்தபோது கீழ்வீட்டுக் கதவு திறந்தது. குப்பைப் பையோடு வந்தவர் மேவிஸ் ஹாரப். வயது எழுபத்து நான்கு. ஒல்லி, நீளக் கால், குட்டையாக வெட்டிய வெள்ளை முடி. மூன்று வருடமாக 'குட் மோர்னிங்'கைத் தாண்டி நாங்கள் பேசியதில்லை.

மேவிஸ் பேசியது தென்கிழக்கு லண்டன் ஆங்கிலம். எனக்குத் தெரிந்த ஆங்கிலத்தில் பாதி ஜேர்மன். ஆகவே அவர் சொன்னதெல்லாம் என் காதில் எங்கள் ஊர்ப் பேச்சாகத்தான் விழுந்தது. அப்படியே எழுதுகிறேன்.

"எழும்பு பாப்பம்," என்றார்.

எழும்பினேன். அதைப் பார்த்துக்கொண்டிருந்துவிட்டுக் குப்பைப் பையைக் கீழே வைத்தார்.

"ஒட்டகம் எழும்பிற மாதிரி எழும்புறாய். முதல்ல பின்பக்கம், பிறகு முன்பக்கம். முழங்கால் பாவம் என்ன செய்யும்? உள்ள வா."

உள்ளே போனேன். எழுபத்து நான்கு வயதுப் பெண் தன் சமையலறைக் கதிரையில் இருந்து கையை ஊன்றாமல் பத்துத் தரம் எழுந்து இருந்து காட்டினார். நாற்பத்து மூன்று வயதில் நான் இரண்டாவது தரத்தில் மேசையைப் பிடித்தேன்.

அவருடைய குளியலறையில் நாலு டைல்ஸ் விழுந்து, மிச்சமும் விழுவதற்கு நாள் பார்த்துக்கொண்டிருந்தன. கவுன்சிலுக்கு எழுதி ஒரு வருடமாம். சனிக்கிழமைகளில் நான் வந்து பதித்துத் தருவதென்றும் அவர் என் முழங்காலைப் பார்ப்பதென்றும் முடிவானது. கூலி பற்றி நானும் கேட்கவில்லை, அவரும் சொல்லவில்லை. வேலை முடிய ஒவ்வொரு சனிக்கிழமையும் தேத்தண்ணியும் கேக்கும் தந்தார். கேக்குக்கு ஒரு சின்ன வெள்ளி முள்ளுக்கரண்டி. பெட்டியைத் திறந்தால் நீல வெல்வெற்றில் ஆறு கரண்டி. அடுத்த சனிக்கிழமை வேறு பெட்டி, வேறு ஆறு. மூன்றாவது சனிக்கிழமை இன்னொன்று. மொத்தம் ஒன்பது பெட்டி. தனியாக இருக்கிற ஒரு மனுசிக்கு ஐம்பத்து நான்கு கேக் கரண்டி எதற்கு என்று கேட்டேன்.

"எனக்குக் கேக்கே பிடிக்காது," என்றார். "அதெல்லாம் ரெண்டாம் பரிசு."

அப்படித்தான் கதை வெளியே வந்தது. நான் பழைய சாந்தைச் சுரண்டிக்கொண்டிருக்க, மேவிஸ் குளியல் தொட்டியின் விளிம்பில் இருந்துகொண்டு சொல்லுவார்.

தகப்பன் டெட்ஃபோர்டில் கரி மூட்டை சுமந்தவர். மேவிஸ் பதினைந்து வயதில் பிஸ்கட் தொழிற்சாலையில் சேர்ந்தார். எட்டு மணித்தியாலம் நின்றபடி பெட்டி அடுக்குவது. தொழிற்சாலைக்கு ஒரு விளையாட்டுக் கழகம் இருந்தது. ஒருநாள் கடைசி பஸ்ஸைப் பிடிக்க அவர் ஓடியதைக் கழகத்துக் காரியதரிசி கண்டிருக்கிறார். பஸ்ஸில் இருந்தபடியே கண்டாராம். மேவிஸ் பஸ்ஸை முந்திப்போய் அடுத்த தரிப்பிடத்தில் நின்று கை காட்டினாராம். அடுத்த கிழமை காலில் ஆணிச் சப்பாத்து. கரிச்சாம்பல் கொட்டிய ஓடுபாதை. தொடங்கும் கோட்டில் ஆளாளுக்குச் சின்ன மேசன் கரண்டியால் இரண்டு குழி தோண்டி, குழியில் பெருவிரலை வைத்துத்தான் கிளம்ப வேண்டும். நூறு யார் தூரத்துக்குப் பதினொன்று தசம் இரண்டு விநாடி. அந்தக் காலத்தில் அது நல்ல ஓட்டம்.

ஆனால் ஐரீன் என்று ஒருத்தி இருந்தாள். அவளுக்குப் பதினொன்று தசம் ஒன்று.

1950இல் ஐரீன் முதலாவது, மேவிஸ் இரண்டாவது. 51இலும் அப்படி. 52இல் ஹெல்சிங்கி ஒலிம்பிக்குக்கு மேவிஸை அஞ்சலோட்டத்தின் ரிசேவ் ஆளாக, யாருக்கும் ஏலாமல் போனால் ஓடுவதற்காக, கூட்டிக்கொண்டு போனார்கள். ஓடவில்லை. மற்ற நாலு பேருடைய மேலுடுப்புகளையும் மடியில் வைத்துக்கொண்டு படியில் இருந்தார். மழை வந்தபோது தான் நனைந்து உடுப்புகளை நனையாமல் காத்ததற்கு மனேஜர் நன்றி சொன்னாராம். 53இல் முடிசூட்டு விழாவுக்காக எங்கு பார்த்தாலும் போட்டி. மேவிஸ் ஐந்து தரம் இரண்டாவது.

ஓடுகிறவர்கள் காசு வாங்கக்கூடாது என்பது அப்போதைய சட்டம். பரிசாக வீட்டுச் சாமான் கொடுப்பார்கள். முதலாம் பரிசு மணிக்கூடு. இரண்டாம் பரிசு கேக் கரண்டி.

"ஐரீன் வீட்டில எட்டு மணிக்கூடு," என்றார் மேவிஸ். "எட்டும் எட்டு நேரம் காட்டும். பிறகு அவுஸ்திரேலியாவுக்குப் போனாள். எல்லாத்தையும் கொண்டுதான் போனாள்."

ஐரீன் அவ்வளவு கெட்டிக்காரியா என்று கேட்டேன்.

"அவள் தட்டெழுத்துக்காரி. நாள் முழுக்கக் கதிரையில இருந்து வேலை செய்துபோட்டு வந்து ஓடுவாள். நான் நாள் முழுக்க நிண்டுபோட்டு வந்து ஓடுவன். அந்தத் தசம் ஒண்டு அங்கதான் போச்சு."

இது எனக்கு உடனே விளங்கியது. என் தகப்பன் சுண்ணாம்புக்கல் உடைத்தவர். மாலையில் கால் கழுவும்போது அவருக்குக் குனிய ஏலாது, நாங்கள்தான் தண்ணீர் ஊற்றுவோம். உடம்பில் எவ்வளவு பலம் இருக்கிறதென்று போட்டிக்குப் போகிற நேரத்தில் பார்க்கக்கூடாது. வேலைக்குப் போகிற நேரத்தில் பார்க்க வேண்டும்.

கதையில் இன்னும் ஒரு துண்டு இருந்தது. அதை நாலாவது சனிக்கிழமைதான் சொன்னார். சமையலறைக் கதவுக்கு மேலே சுவரில் ஒரு பெரிய ஆணி வெறுமனே இருந்தது. பிடுங்கி ஓட்டையை அடைத்துவிடட்டா என்று கேட்டேன். தொடாதே என்றார்.

53ஆம் ஆண்டு ஓகஸ்ட் போட்டியில் மேவிஸும் ஐரீனும் ஒன்றாகத்தான் நூலைத் தொட்டார்கள். புகைப்படம் எடுக்கும் கருவி எல்லாம் சின்னப் போட்டிகளில் கிடையாது. முடிவுக் கோட்டில் ஒரு நடுவர் நின்று கண்ணால் பார்த்துச் சொல்வார். அன்று நின்றவர் டெட் ஹாரப் என்ற இளைஞர், ஊறுகாய்த் தொழிற்சாலையில் கணக்கெழுதும் கிளாக்கர். நெஞ்சளவு வித்தியாசத்தில் ஐரீன் முதலாவது என்றார் டெட். மேவிஸ் போய்ச் சண்டை பிடித்தார். அன்றைக்கு முடியவில்லை. அடுத்த கிழமை டெட்டைத் தேடிப்போய்ப் பிடித்தார். அதற்கடுத்த கிழமை டெட் தேடி வந்தார். சண்டை நாலு வருடம் நடந்து கலியாணத்தில் முடிந்தது.

இந்த வீட்டுக்கு வந்த முதல் நாள் டெட் கதவுக்கு மேலே மணிக்கூட்டுக்காக ஆணி அடித்தார். கடை மணிக்கூடு அதில் தொங்காது, நான் வென்று கொண்டு வருகிறதுதான் தொங்கும் என்றார் மேவிஸ். அடுத்த வருடமே வயிற்றில் பிள்ளை. ஓட்டம் நின்றது. பிஸ்கட் நிற்கவில்லை, அது முப்பத்தொரு வருடம். நேரம் பார்க்க வானொலி இருந்தது, விநாடி பார்க்க டெட்டின் ஓட்ட மணிக்கூடு இருந்தது. ஆணி அப்படியே இருந்தது.

"முப்பத்தெட்டு வருசம் ஒண்டா இருந்தம். கோவத்தில கேட்டன், கொஞ்சிக் கேட்டன். கடைசியா ஆஸ்பத்திரியிலயும் கேட்டன். டெட், உண்மையைச் சொல்லு, நான்தானே முதலாவது எண்டு."

"என்ன சொன்னவர்?"

"'ரெண்டாவது, கண்ணு. நெஞ்சளவு.' அடுத்த நாள் செத்துப்போனான்."

சொல்லிவிட்டு ஒரு துண்டு கேக்கைக் குத்தி என் தட்டில் போட்டார்.

ஜூலை ஆறாம் தேதி 2012 ஒலிம்பிக் லண்டனுக்கு என்று அறிவித்தார்கள். அது யாருக்குப் பிடித்ததோ இல்லையோ, எங்கள் பழைய மாணவர் சங்கத்துச் செயலாளர் இராஜேந்திரனுக்குப் பிடித்துவிட்டது. சங்கம் என்றால் ஊரில் எங்களோடு ஒரே பள்ளிக்கூடத்தில் படித்து இப்போது லண்டனில் சிதறிக் கிடக்கிற நூற்றைம்பது குடும்பங்கள். வருடத்தில் ஒருமுறை, ஓகஸ்ட் ஞாயிறில், மைதானம் எடுத்து விளையாட்டு விழா நடத்துவோம். தேசிக்காய் ஓட்டம், சாக்கு ஓட்டம், கயிறிழுத்தல், சங்கீதக் கதிரை, கொத்துரொட்டி. பிரதம விருந்தினராக வழமையாகப் பல் டொக்டர் அருள்நேசன் வருவார். அந்த வருடம் அவருடைய மைத்துனிக்கு ரொறன்ரோவில் கலியாணம். விழாவுக்கு ஆறு கிழமை இருக்கும்போது விருந்தினர் இல்லை.

கூட்டத்தில் நான் வாயைத் திறந்தேன். எங்கள் கட்டிடத்தில் ஒரு ஓட்டக்காரி இருக்கிறார் என்றேன்.

"ஒலிம்பிக்கில ஓடினவவோ?" என்றார் இராஜேந்திரன்.

ரிசேவ், ஓடவில்லை, உடுப்புப் பார்த்தவர் என்று உள்ளதைச் சொன்னேன்.

"ஐசே, ஒலிம்பிக் நடந்த இடத்தில இருந்தவ தானே? நாங்கள் ஆர் இருந்தம்?"

மறுநாளே துண்டுப் பிரசுரம் அடித்துவிட்டார்கள். 'ஒலிம்பிக் புகழ் வீராங்கனை மேவிஸ் ஹாரப் அவர்கள்.' கீழே நிகழ்ச்சி நிரல். நல்ல காலம், மேவிஸுக்குத் தமிழ் வாசிக்கத் தெரியாது.

அழைப்பை நானும் மனைவி யோகமலரும் கொண்டுபோய்க் கொடுத்தோம். பிழை நடந்தது அங்கேதான். பிழை என்னுடையது.

எங்களுக்குள் ஒரு ஆளை விழாவுக்குப் பிரதம விருந்தினராகக் கூப்பிடுகிறோம் என்றால் அதன் பொருள் யாருக்கும் சொல்லிக்கொடுக்கத் தேவையில்லை. வருவார், விளக்கேற்றுவார், பொன்னாடை போர்த்துவோம், நாலு மணித்தியாலம் மேடையில் இருப்பார், பரிசு கொடுப்பார், போவார். பாட்டுக்காரரைக் கூப்பிட்டாலும் பாட விடமாட்டோம். அவரை இருத்திவைத்து எங்கள் பிள்ளைகளின் பாட்டைக் கேட்க வைப்போம். மரியாதை என்றால் கதிரையில் இருப்பது. மேவிஸுக்கு இது எப்படித் தெரியும்? ஒரு ஓட்டக்காரியை விளையாட்டுப் போட்டிக்குக் கூப்பிடுகிறார்கள். எதற்குக் கூப்பிடுவார்கள்?

நிகழ்ச்சி நிரலை வரி வரியாக வாசித்துச் சொல்லச் சொன்னார். ஐம்பது வயதுக்கு மேற்பட்ட பெண்கள், அறுபது மீற்றர் என்று வந்தபோது கையை உயர்த்தினார்.

"அதுக்கு முதலாம் பரிசு என்ன?"

ஈஸ்ட் ஹாமில் அச்சகம் வைத்திருக்கிற ஒரு பழைய மாணவர் அந்த வருடம் பரிசுகளைத் தந்திருந்தார். நடுவில் சங்கத்துச் சின்னம் அடித்த சுவர் மணிக்கூடு என்றேன்.

மேவிஸ் எழுந்து கேத்தலை மூட்டினார். அவருக்குப் பின்னால் அந்த ஆணி இருந்தது. எனக்கு மண்டையில் களிமண்.

அதற்கடுத்த நாள்களில் யோகமலர் என்னை விடிய ஐந்து மணிக்குத் தட்டி எழுப்பத் தொடங்கினாள். கீழே தாம் தாம் என்று சத்தம். பொலிஸ் வந்து யாருடைய கதவையோ உடைக்கிறது என்று நினைத்தோம். இரண்டாம் மாடி நைஜீரியாக்காரரும் அப்படித்தான் நினைத்து, முன்னெச்சரிக்கையாக இரண்டு நாள் மச்சான் வீட்டில் போய் இருந்தார். மூன்றாம் நாள் நான் இறங்கிப் பார்த்தேன். கீழ்த்தள நடைவழி நாற்பது மீற்றர் நீளம். மேவிஸ் அதில் பாய்ந்து வந்து, கடைசிக் கதவில் இரண்டு கையாலும் மோதி நின்று, டெட்டின் ஓட்ட மணிக்கூட்டைப் பார்த்தார். உடம்புக்கு நல்லது என்று மூச்சு வாங்கச் சொன்னார். எனக்கும் அது நல்லதாகத்தான் பட்டது.

விழாவுக்கு முதல் நாள் என்னிடம் ஒரு சின்ன மேசன் கரண்டி இரவல் கேட்டார். பூச்சட்டிக்காக்கும் என்று கொடுத்துவிட்டேன். களிமண் என்று சொன்னேனே.

ஞாயிற்றுக்கிழமை நல்ல வெயில். மைதானத்தில் நாதஸ்வரம் சீடியில் வாசித்தது. குத்துவிளக்கைக் காற்று ஐந்து தரம் அணைத்தது. ஆறாவது தரம் எரிந்ததாக வைத்துக்கொண்டு கை தட்டினோம். மேவிஸ் நீல நிற ஓட்ட உடுப்பில் வந்திருந்தார். அதன் மேல் மாலை, மாலையின் மேல் சிவப்புப் பொன்னாடை. மொழிபெயர்க்க நான் பக்கத்துக் கதிரையில். இராஜேந்திரன் ஒலிம்பிக் என்ற தலைப்பில் முப்பத்தைந்து நிமிடம் பேசினார். மேவிஸ் மேசைக்குக் கீழே பாதங்களை ஒவ்வொன்றாகச் சுழற்றிக்கொண்டிருந்தார். பரிசு மேசையில் மணிக்கூடு வெயிலில் மினுங்கியது. எங்கே பார்த்தாலும் கடைசியில் அவர் கண் அங்கே போய் நின்றது.

மூன்றரை மணிக்கு ஒலிபெருக்கியில் செபமாலைமுத்து ஐம்பது வயதுக்கு மேற்பட்ட பெண்களை அழைத்தார். அவர்தான் அறிவிப்பாளர், விசில் ஊதுபவரும் அவர்தான்.

இந்தப் போட்டியைப் பற்றி ஒன்று சொல்ல வேண்டும். ஆறு வருடமாக இதில் முதலாவது வருகிறவர் செயலாளரின் மனைவி தவமலர். ஐம்பத்து ஆறு வயது, நல்ல தோற்றம், சேலையை இழுத்துச் செருகி வெள்ளைச் சப்பாத்துப் போட்டுக்கொண்டு ஓடுவார். சனிக்கிழமைத் தமிழ்ப் பள்ளிக்கூடத்தின் தலைமை ஆசிரியையும் அவர்தான். ஓட வருகிற பெண்களில் பாதிப் பேருக்குப் பிள்ளைகளோ பேரப்பிள்ளைகளோ அங்கே படிக்கிறார்கள். வாய்மொழிப் பரீட்சைக்குப் புள்ளி போடுகிறவரை முந்தி ஓட யாருக்கும் கால் வருவதில்லை. மற்றவர்களும் பார்த்துப் பழகிவிட்டார்கள். இது தெரியாத ஒரே ஆள் தவமலர்.

மேவிஸ் எழுந்தார். மாலையைக் கழற்றிக் கதிரையில் வைத்தார். பொன்னாடையை நாலாக மடித்து இராஜேந்திரனின் கையில் கொடுத்தார். மேடையை விட்டு இறங்கி நேரே தொடங்கும் கோட்டுக்குப் போய், இடுப்பிலிருந்து என்னுடைய மேசன் கரண்டியை எடுத்து, குந்தியிருந்து, வாடகைக்கு எடுத்த மைதானத்தின் பச்சைப் புல்லில் இரண்டு குழி தோண்டத் தொடங்கினார்.

"புவனேந்திரன், மனுசி என்னத்தைப் புதைக்கிறா?" என்று ஒலிபெருக்கி என் பெயரைச் சொல்லிக் கேட்டது.

எனக்கு அப்போதுதான் எல்லாம் ஒன்றாக விளங்கியது. நடைவழி, கரண்டி, ஆணி. நான் ஓடினேன். இராஜேந்திரனும் பொன்னாடையோடு ஓடி வந்தார். இது வழக்கமில்லை, பிரதம விருந்தினர் ஓடக்கூடாது, பொன்னாடை போர்த்தின ஆள், விழுந்து கிழுந்து போனால் சங்கத்தின் பெயர் என்ன ஆகும் என்று என்னிடம் சொன்னார். நான் அதை மேவிஸிடம் சொன்னேன். விழுந்தால் எழும்பத் தெரியும் என்று சொல் என்றார் மேவிஸ், தலையை நிமிர்த்தாமல்.

வழக்கைத் தீர்த்தவர் தவமலர். பெரிய மனசுக்காரி.

"இஞ்சாருங்கோ, விடுங்கோ. பாவம், வயசுபோன மனுசி ஆசைப்படுகுது. ஓடட்டும். நான் மெல்லமா ஓடுறன்."

ஒன்பது பெண்கள் கோட்டில் நின்றார்கள். எட்டுப் பேர் சேலையையோ பஞ்சாபிச் சட்டையையோ பிடித்துக்கொண்டு நின்றார்கள். ஒருவர் மட்டும் நாலு காலில் பூனை போலப் பதுங்கியிருந்தார். விசில் ஊதியது.

ஓட்டத்தை நீட்டிச் சொல்ல ஒன்றும் இல்லை, அவ்வளவு கெதியாக முடிந்தது. மேவிஸ் குழியிலிருந்து வெளிக்கிட்டபோது பின்னால் புல் பறந்து ஒரு பெண்ணின் வாயில் விழுந்தது. முதல் பத்து மீற்றரில் தவமலர் சிரித்துக்கொண்டு மெல்லமாக ஓடினார். இருபதாவது மீற்றரில் சிரிப்பை விட்டார். முப்பதில் கையில் பிடித்திருந்த சேலையையும் விட்டார். அதற்குப் பிறகு அவர் ஓடியதுதான் அவருடைய வாழ்க்கையிலேயே உண்மையான ஓட்டமாக இருக்கும். மற்ற ஏழு பேரும் பழக்கம் மாறாமல் அவருக்குப் பின்னால் தாராக் குஞ்சுகள் போல ஒரே இடைவெளியில் வந்தார்கள். எட்டு மீற்றர் முன்னால், நெஞ்சை நீட்டி, இரண்டு கையையும் பின்னால் எறிந்து, மேவிஸ் நூலை அறுத்தார்.

சனம் எழுந்து நின்று கத்தியது. நான் போனபோது அவர் இடுப்பில் கை வைத்துக் குனிந்து நின்றார். நூலின் ஒரு துண்டு கழுத்தில் கிடந்தது.

"எவ்வளவு?" என்றார்.

"எட்டு மீற்றர்."

"நெஞ்சளவு இல்லையே?"

"இல்லை."

"டெட் நிண்டிருந்தாலும் சொல்லித்தான் ஆகவேணும்," என்றார். நிமிர்ந்தபோது அவருக்கு எழுபத்து நான்கு வயது இல்லை.

பரிசளிப்பு ஐந்து மணிக்கு. அதற்குள் மேடைக்குப் பின்னால், கொத்துரொட்டிச் சட்டிக்குப் பக்கத்தில், நிர்வாகக் கூட்டம் நடந்து முடிந்திருந்தது. எனக்கு யாரும் சொல்லவில்லை. மேவிஸ் மறுபடியும் பொன்னாடையோடு மேசைக்குப் பின்னால் நின்று பிள்ளைகளுக்குப் பரிசு கொடுத்துக்கொண்டிருந்தார். பெண்கள் அறுபது மீற்றர் என்று வந்ததும் செபமாலைமுத்து தொண்டையைச் செருமினார். முதலாம் இடம், திருமதி தவமலர் இராஜேந்திரன்.

நான் இராஜேந்திரனின் கையைப் பிடித்து ஒரு பக்கம் இழுத்தேன்.

"இதென்ன வேலை? முழுச் சனமும் பாத்தது."

"பாத்தது, பாத்தது. நான் இல்லையெண்டேனோ? ஆனா ஐசே, நீரே யோசியும். பரிசு குடுக்கிற ஆள் பிரதம விருந்தினர். மனுசிக்குப் பரிசெண்டா அதை ஆர் குடுக்கிறது? தானே எடுத்துத் தனக்கே குடுக்கிறதோ? படத்தில எப்பிடி இருக்கும்?"

சங்கத்தின் யாப்புச் சட்டத்தில் அங்கத்தவர்களும் குடும்பத்தவரும்தான் போட்டியிடலாம் என்று இருக்கிறது, அது ஒரு பக்கம் என்றும் சொன்னார். நீங்கள் கொடுங்கள், இல்லாவிட்டால் நான் கொடுக்கிறேன் என்றேன். செயலாளர் பிரதம விருந்தினருக்குப் பரிசு கொடுத்தால் அப்போது பிரதம விருந்தினர் யார் என்று கேட்டார். அதை நான் இன்றைக்கும் யோசித்துக்கொண்டிருக்கிறேன்.

மேடையில் யாரோ மணிக்கூட்டை மேவிஸின் கையில் கொடுத்துவிட்டார்கள். அவர் அதை நெஞ்சோடு அணைத்துப் பிடித்துச் சனத்தைப் பார்த்துத் தலையைக் குனிந்தார். எல்லோரும் கை தட்டினார்கள். அவருக்கு முகமெல்லாம் சிரிப்பு. அப்போது தவமலர் மேடையில் ஏறி வந்து இரண்டு கையையும் நீட்டிக்கொண்டு நின்றார்.

மேவிஸ் என்னைத் திரும்பிப் பார்த்தார். அந்த ஒரு விநாடியில் நான் எதையும் மொழிபெயர்க்கவில்லை. தேவையும் இருக்கவில்லை. ஐம்பத்திரண்டு வருடத்துக்கு முதல் ஒருத்தி வந்து கை நீட்டியதையும் அவர் பார்த்தவர்தானே.

"இவ ரெண்டாவது," என்றார் என்னிடம், மெல்ல.

"ஓம்," என்றேன்.

மேவிஸ் விடவில்லை. தவமலரும் பிடித்தார். படம் எடுக்கிறவர் நல்ல காட்சி என்று நினைத்து அப்படியே நில்லுங்கள் என்றார். அந்தப் படம் பிறகு சங்கத்து விழா மலரில் வந்தது. இரண்டு பெண்கள், நடுவில் மணிக்கூடு, நாலு கை. பார்க்கிறவர்களுக்கு நல்ல சிநேகிதிகள் போலத் தெரியும். படம் எடுத்து முடிந்ததும் மேவிஸ் விரல்களை ஒவ்வொன்றாக எடுத்தார்.

காரில் வீட்டுக்கு வரும்போது பிரதம விருந்தினருக்குச் சங்கம் கொடுத்த அன்பளிப்புப் பெட்டியைத் திறந்தார். நீலத் துணியில் ஆறு தேக்கரண்டி. நான் வீதியைப் பார்த்து ஓட்டினேன்.

"இந்த முறை முள்ளு இல்லை," என்றார் மேவிஸ். "முன்னேற்றம்தான்."

திங்கட்கிழமை வேலை முடிய லூயிஷாம் சந்தையில் ஒரு சுவர் மணிக்கூடு வாங்கிக்கொண்டு போய்க் கதவைத் தட்டினேன். வாங்கிப் பார்த்தார். நல்ல மணிக்கூடு என்றார். பிறகு கேட்டார்:

"இது எந்த ஓட்டத்துக்கு?"

திருப்பிக் கொண்டுவந்துவிட்டேன். அது எங்கள் வீட்டுக் குளியலறையில் ஓடுகிறது.

அந்தக் கிழமை தவமலர் எங்கள் வீட்டுக்கு வந்தார். மூன்று மாடியும் ஏறி வந்து, இருக்காமல், யோகமலரிடம் ஒரே ஒரு கேள்வி கேட்டார். இவ்வளவு வருடமும் எல்லோரும் வேண்டுமென்றுதான் பின்னால் ஓடினார்களா? யோகமலர் தேத்தண்ணி குடிக்கிறீர்களா ரீச்சர் என்று கேட்டாள். அதுவே பதிலாகிவிட்டது. மறுநாள் காலை பார்க்கைச் சுற்றி ஒரு பெண் சேலை இல்லாமல், நீளக் காற்சட்டையில் ஓடுவதாகச் செய்தி வந்தது. மணிக்கூட்டைத் திருப்பிக் கொடுக்கலாமே என்று நான் ஆள் விட்டுக் கேட்டேன். சும்மா கொடுத்தால் அது பிச்சை, மனுசி வாங்காது, அடுத்த விழாவில் இன்னொருமுறை என்னோடு ஓடி வெல்லட்டும், என் கையாலேயே கொடுக்கிறேன் என்று சொல்லி அனுப்பினார். மேவிஸுக்கு அது பிடித்திருந்தது. தவமலரைப் பற்றி முதல் தரமாக நல்ல வார்த்தை சொன்னார். கோட்டில் சந்திக்க வேண்டிய ஆள்தான் என்றார்.

ஆனால் சங்கம் விடவில்லை. வருடாந்தப் பொதுக்கூட்டத்தில் பிரதம விருந்தினர் போட்டியில் ஓடலாமா என்று ஒருவர் கேட்டார். அந்த ஒரு கேள்வி நாலு மணித்தியாலம் போனது. கதிரை ஒன்று உடைந்தது. 2006இல் சங்கம் இரண்டானது. இரண்டுக்கும் ஒரே பெயர், ஒரே சின்னம், இரண்டு வங்கிக் கணக்கு, ஒரே ஞாயிறில் இரண்டு மைதானம். இரண்டு பகுதியும் மேவிஸுக்கு அழைப்பு அனுப்பின. பிரதம விருந்தினராக. ஓடுகிற ஆளாக வருகிறேன், கதிரை வேண்டாம் என்று இரண்டுக்கும் எழுதினார். உங்களைப் போன்ற ஒருவரை அப்படி நடத்த எங்களுக்கு மனம் வராது என்று இரண்டும் ஒரே மாதிரிப் பதில் எழுதின.

இப்போது 2008. மேவிஸுக்கு எழுபத்தேழு. இடது இடுப்புக்கு ஒப்பரேசன் என்று பெயர் பதிந்து காத்திருக்கிறார். என் முழங்கால் நன்றாக இருக்கிறது, கையை ஊன்றாமல் பதினைந்து தரம் எழும்புவேன். சனிக்கிழமைகளில் கீழே போவேன். குளியலறையில் நான் பதித்த டைல்ஸ் ஒன்றும் அசையவில்லை. சமையலறைக் கதவுக்கு மேலே ஆணி அப்படியே இருக்கிறது. இடுப்பு சரியானதும் ஓடுவேன் என்கிறார். தவமலர் பார்க்கைச் சுற்றி நாலு சுற்று ஓடுகிறாராம். அவர் வீட்டு வரவேற்பறையில் அந்த மணிக்கூடு சரியான நேரம் காட்டுகிறது.

2005ஆம் ஆண்டு, ஐம்பது வயதுக்கு மேற்பட்ட பெண்கள், அறுபது மீற்றர், முதலாம் இடம்: எங்கள் சங்கம், இப்போது அது எத்தனையாக இருந்தாலும், மேவிஸ் ஹாரப்புக்குச் சுவர் மணிக்கூடு ஒன்று கொடுக்க வேண்டும். இன்னும் கொடுக்கவில்லை.